எண்பத்து மூன்று நொடி

நான்கு நிமிடம் பத்து நொடி. நொடிக்குப் பதினாறு படம் வீதம் எடுத்தால் நூறு அடிச் சுருள் அவ்வளவு நேரம் ஓடும். எங்கள் ஆய்வகத்தில் அப்படித்தான் எடுத்தோம். ஃபிலிம் மிச்சமாகும். ஒலியைப் பற்றிக் கவலையில்லை. சுருள் ஓடும்போது யாரும் பேசக் கூடாது என்பது விதி.

இன்னொரு விதியும் இருந்தது. தொடங்கிய சுருள் தீரும்வரை கேமராவை நிறுத்தக் கூடாது.

"நடுவுல நிறுத்தினா, நிறுத்தின எடத்துலதான் ஏமாத்தினோம்னு சொல்லுவானுங்க" என்பார் டாக்டர் மலேக். அவர்தான் தலைவர். அவரும் உதவியாளரும் பக்கத்து அறையில், தடித்த கண்ணாடிக்குப் பின்னால், காதில் கருவிகளை மாட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள். மேசை இருக்கும் அறையில் இரண்டே பேர். நாற்காலியில் த்ராஹோமீரா. கேமராவுக்குப் பின்னால் நான்.

மேசைமேல் ஒரு ஊசி நட்டு வைத்திருந்தது. ஊசி முனையில் அலுமினியத் தாளில் வெட்டிய முள், எடையே இல்லாதது. அதன்மேல் கண்ணாடி மூடி. மூச்சுக் காற்றுகூட உள்ளே போகாது. அவள் முள்ளைப் பார்க்க வேண்டும். முள் சுழல வேண்டும். நான் அதைப் படம் எடுக்க வேண்டும்.

பிராக் நகரத்தில், ஒரு பழைய சாயப்பட்டறையின் நிலவறை அது. ஆயிரத்துத் தொள்ளாயிரத்து எழுபத்தைந்து, பிப்ரவரி. சுவர்களில் இன்னும் நீலம் கசிந்துகொண்டிருந்தது. வாசலில் பெயர்ப்பலகை இல்லை. மேலிடத்துக்குப் போகும் கடிதங்களில் மட்டும் பெயர் இருந்தது. சைக்கோட்ரானிக் ஆய்வுப் பிரிவு. ஆவி, குறி, மேசை தட்டுவது என்று எந்த அழுக்கும் ஒட்டாத சொல். வானொலிப் பெட்டி மாதிரி ஒலித்தது. மனம் ஒரு கருவியைத் தொடாமல் இயக்குவது என்று அதற்கு நாங்கள் பொருள் சொன்னோம்.

த்ராஹோமீரா தபால் நிலையத்தில் கடிதம் பிரிக்கும் வேலையில் இருந்தாள். என் வயதுதான், இருபத்தொன்பது. அவளுக்குக் கோபம் வந்தால் கடிதம் நிறுக்கும் தராசு தானாக ஆடுகிறது என்று கூட வேலை செய்தவர்கள் புகார் எழுதினார்கள். புகார் சுற்றிச் சுற்றி எங்களிடம் வந்தது. அந்தத் தராசை நான் பார்த்ததில்லை.

நாள் முழுக்க ஒரு கண் கேமராவின் துளையில், மறு கண் மூடி. அதனால் அவள் என்னை ஒத்தக்கண்ணர் என்று கூப்பிட்டாள்.

"என்ன ஒத்தக்கண்ணரே, இன்னிக்காவது என் மூக்கு நேரா விழுமா?"

"மூக்கு உங்களோடது. நான் என்ன பண்றது?"

"அப்ப முள்ள மட்டும் எடுங்க. அதுக்கு மூக்கு இல்ல."

பதினான்கு அமர்வுகள் நடந்தன. பன்னிரண்டில் முள் சுழன்றது. ஒன்பதிலும் பத்திலும் அசையவில்லை. அந்த வாரம் எனக்குக் காய்ச்சல். வேறொருவர் வந்து படம் எடுத்தார். அவள் களைத்திருந்தாள் என்று அறிக்கையில் எழுதினார்கள். நானும் அப்படித்தான் நினைக்க விரும்பினேன்.

பதினான்காவது அமர்வில், மூன்றாவது நிமிடத்துக்கு மேல், அவள் கண்ணை மூடிக்கொண்டாள். முள் சுழன்றுகொண்டே இருந்தது. அவள் கண்ணைத் திறந்து கேமராவைப் பார்த்தாள். பேசினாள். பிறகு நெற்றியை மேசையில் வைத்தாள். சுருள் தீர இன்னும் முப்பது நொடி இருந்தது. நான் கண்ணை எடுக்கவில்லை. விதி அது. சுருள் தீர்ந்தது. முள் நின்றது.

மூன்றாம் நாள் மருத்துவமனையில் இறந்துபோனாள். மூளையில் இரத்தக் குழாய் வெடித்ததாம்.

அறிக்கை இப்படி முடிந்தது. கண் மூடியிருந்தபோதும் முள் சுழன்றது. ஆகவே அதை இயக்கியது பார்வை அல்ல, மறைத்து வைத்த இழை. பெண் ஏமாற்றியிருக்கிறாள். இழை எதுவும் கிடைக்கவில்லை. ஆனால் ஆராய்ச்சியில் செத்த பெண்ணைவிட ஏமாற்றிச் செத்த பெண் மேலிடத்துக்குச் சௌகரியம். அவள் பேசியது பற்றி ஒரு வரி இருந்தது. உதடுகள் துடித்தன, வலிப்பாக இருக்கலாம்.

என்னிடமும் கேட்டார்கள். "தோழர் ஓட்டகார் யிர்ஸா, அவங்க ஏதாவது சொன்னாங்களா?"

கேமராச் சத்தத்தில் கேட்கவில்லை என்று கையெழுத்துப் போட்டேன்.

வசந்தத்தில் பிரிவை மூடினார்கள். நான் டிராம் பணிமனையில் வேலைக்குப் போனேன். சக்கரங்களுக்கு எண்ணெய் போடுவது. அதன் பிறகு கேமராவைத் தொடவில்லை. எதையும் உற்றுப் பார்ப்பதையும் விட்டுவிட்டேன். கடிகாரத்தில் மணி பார்த்தால் உடனே முகத்தைத் திருப்பிக்கொள்வேன். கசாப்புக் கடையில் தராசுப் பக்கம் பார்க்கவே மாட்டேன். என் மனைவி இருந்தவரை இதைச் சொல்லிச் சிரிப்பாள். "நாய்க்குட்டிகூட ஒரு எடத்த ரெண்டு நிமிஷம் பாக்கும், ஓட்டா."

தொண்ணூறுகளில் அந்தச் சொல் திரும்பி வந்தது. இப்போது அது ஆயுதம். ஓஸ்ட்ராவாவிலிருந்து ஒருவர், மாஸ்கோவிலிருந்து ஒரு பெண், எனக்கு எழுதினார்கள். என் பெயரை ஏதோ பழைய காகிதத்தில் பார்த்திருக்கிறார்கள். அரசாங்கம் தங்கள் தலைக்குள் சைக்கோட்ரானிக் கதிர் அனுப்புவதாகவும், சுவரில் தகரம் அடித்தும் தூக்கம் இல்லை என்றும் எழுதினார்கள். பாவப்பட்டவர்கள். பதில் போடவில்லை. அந்தப் பெண்ணின் கடைசி வரி மட்டும் என்னோடு தங்கிவிட்டது. எங்கிருந்தாலும் சரி, என்னைப் பார்ப்பதை நிறுத்துங்கள்.

இரண்டாயிரத்து ஆறு அக்டோபரில் மூன்றாவது முறையாக அந்தச் சொல்லைப் பார்த்தேன். டிராம் நிறுத்தத்தில் ஒட்டிய சுவரொட்டியில். சைக்கோட்ரானிக் ஞாயிறு. கீழே பச்சை மையில் த்ராஹோமீராவின் முகம். மூக்கு கொஞ்சம் கோணலாக விழுந்திருந்தது.

*

கடிகாரங்களை ஒரு மணி நேரம் பின்னுக்குத் தள்ளிய ஞாயிறு அது. நாலு மணிக்கே இருட்டத் தொடங்கியிருந்தது. ஜிஷ்கோவ் சரிவில், முன்பு நிலக்கரி போட்டுவைத்த ஒரு நிலவறையில், சுவரொட்டி ஒட்டிய அந்தத் திரைப்பட மன்றம். முப்பது நாற்காலி, ஒரு பியர் குழாய், ஒரு வெள்ளைத் துணி. இறங்கிப் போகும்போது ஈர வாசனை அடித்தது. நிலவறைகள் எல்லாம் ஒரே வாசனைதான்.

நடத்துகிறவன் பெயர் ஹினெக். முப்பது வயதுக்கு மேல், தாடி, கம்பளிக் குல்லா. என்னைப் பார்த்ததும் கை தட்டினான்.

"பெரியவரே, சீட்டு விளையாட்டு மேல் மாடியில. இங்க கேவலமான படம் ஓட்டுறோம்."

"கேவலமான படம் பாக்கத்தான் வந்தேன்."

"அப்ப நம்ம ஆளு. ஓய்வூதியக்காரருக்குப் பாதி விலை. பியர் மட்டும் முழு விலை."

சைக்கோட்ரானிக் என்றால் என்ன என்று அவனிடம் கேட்டேன். அவன் ரொம்ப சந்தோஷமாகச் சொன்னான்.

"காசு இல்லாம, மூளையும் இல்லாம, ஆனா வெறியோட எடுத்த படம். ரப்பர் பூதம், பறக்கும் தலை, பேசற மூளை. நல்ல படம் பாத்தா மறந்துடுவீங்க. இத மறக்க முடியாது. அமெரிக்காக்காரன் வச்ச பேரு."

"அவன் வைக்கல" என்றேன்.

"யாரு வச்சா என்ன பெரியவரே, உக்காருங்க."

பியர் மேடையின் ஓரத்தில் ஒரு ஊறுகாய் பாட்டிலைக் கவிழ்த்து வைத்திருந்தார்கள். உள்ளே ஊசி. ஊசிமேல் ஈயத்தாள் முள். பக்கத்தில் ஒரு அட்டை. பார்வையால் சுற்றினால் ஒரு பியர் இலவசம். இதுவரை ஒரு பியரும் கொடுக்கவில்லை என்றான் ஹினெக். நான் அதற்கு முதுகு காட்டி உட்கார்ந்தேன்.

முதலில் ஏதோ பூதப் படம். எல்லோரும் சேர்ந்து வசனம் சொன்னார்கள். அடுத்து ஹினெக் திரைக்கு முன்னால் வந்தான்.

"இப்ப வர்றது நம்ம ஊரு சரக்கு. பழைய சாமான் சந்தையில ஒரு பிஸ்கட் டப்பாவுல கெடச்சது. யாரு எடுத்ததுன்னு தெரியாது. நடிகை யாருன்னும் தெரியாது. ஆனா அந்தம்மா நடிப்பு இருக்கே, அடடா."

புரொஜெக்டர் ஓடியது. அவனே பின்னால் மேளமும் எக்காளமுமாக ஏதோ இசை போட்டான்.

ஓடத் தொடங்கியவுடன் எனக்குப் புரிந்துவிட்டது. வேகம் தவறு. பேசும் படத்துக்கு நொடிக்கு இருபத்து நாலு. அவர்களுக்குத் தெரிந்தது அது ஒன்றுதான். பதினாறில் எடுத்த த்ராஹோமீரா இருபத்து நாலில் ஓடினாள். தலை கோழி மாதிரி வெட்டியது. கண் இமைகள் படபடத்தன. முள் காற்றாடியாகச் சுற்றியது. கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. அவள் கேமராவைப் பார்த்துப் பேசியபோது, உதடுகள் தையல் இயந்திரம் மாதிரி அடித்தன. யாரோ கீச்சுக் குரலில் "பியர் எங்கே, பியர் எங்கே" என்று அதற்கு வசனம் கொடுத்தான். அவள் நெற்றியை மேசையில் வைத்தபோது கைதட்டினார்கள்.

நான் திரையைப் பார்க்கவில்லை. திரையைப் பார்ப்பவர்களைப் பார்த்தேன். கடைசி வரிசையில் ஒரு பெண் சிரிக்கவில்லை. கையில் நொடி அளக்கும் நிறுத்துக் கடிகாரம் ஒன்று வைத்திருந்தாள். படம் முடிந்ததும் அதை அழுத்தினாள்.

வெளிச்சம் வந்ததும் அவள் ஹினெக்கிடம் போனாள். பியர் மேடை பக்கத்தில் அவர்கள் பேசுவது எனக்குக் கேட்டது.

"மீதி எங்க?"

"மீதியா? அவ்வளவுதாங்க இருந்துச்சு."

"ரெண்டு நிமிஷம் நாப்பத்தேழு நொடி ஓடிச்சு. நாலு நிமிஷம் பத்து நொடின்னு அறிக்கையில இருக்கு. எண்பத்து மூணு நொடி காணும். வெட்டினது யாரு?"

"நான் எதையும் வெட்டல. டப்பாவுல இருந்தத அப்படியே போட்டேன். நீங்க யாரு?"

"அந்த நடிகையோட பொண்ணு."

ஹினெக் குல்லாவைக் கழற்றினான். கொஞ்ச நேரம் அதையே பார்த்தான். "எனக்குத் தெரியாதுங்க. சத்தியமா. தெரிஞ்சிருந்தா மேளம் போட்டிருக்க மாட்டேன்."

நான் எழுந்து படியை நோக்கிப் போனேன். அவள் என்னைக் கடந்து வந்து வழியில் நின்றாள்.

"நீங்க ஒருத்தர்தான் இங்க வயசானவர். நீங்களும் சிரிக்கல. உங்களுக்கு இதப் பத்தித் தெரியுமா?"

பொய் சொல்லியிருக்கலாம். பெயரைத்தான் சொன்னேன்.

"ஓட்டகார் யிர்ஸா. படம் எடுத்தது நான்."

அவள் பையிலிருந்து ஒரு மடித்த நகலை எடுத்தாள். அறிக்கை. என் பெயர் கடைசிப் பக்கத்தில் இருந்தது. அவள் அதைத் தொட்டுப் பார்த்துவிட்டு என்னைப் பார்த்தாள். தாயின் கண்கள் இல்லை. தாயின் மூக்கு.

"நான் இவோனா. யிர்ஸா ஐயா, அம்மா ஏமாத்தினாங்கன்னு இதுல இருக்கு. அப்பா இத நம்பி என்ன விட்டுட்டு ப்ர்னோவுக்குப் போயிட்டாரு. சித்திதான் என்ன வளத்தா. பள்ளிக்கூடத்துல எனக்கு என்ன பேரு தெரியுமா? இழை. மோசக்காரி மகள்னுகூட இல்ல. வெறும் இழை." அவள் சிரிக்க முயன்றாள். "ஏமாத்தியிருந்தாலும் பரவால்ல. எனக்குத் தெரியணும். கடைசியில அவங்க ஏதோ சொல்றாங்க. வலிப்பு இல்ல அது. நான் காது கேக்காத பிள்ளைங்களுக்குப் பாடம் எடுக்கறவ. பதிமூணு வருஷமா உதடு படிக்கறேன். அது பேச்சு. ஆனா வேகமா இருக்கு, துண்டு துண்டா இருக்கு. நடுவுல வெட்டியிருக்காங்க. உங்களுக்கு எதாச்சும் கேட்டுதா?"

"கேமராச் சத்தம் பெருசா இருக்கும்" என்றேன்.

"அந்த எண்பத்து மூணு நொடி?"

"சுருளோட ரெண்டு முனையையும் வெட்டித்தான் கொடுப்பாங்க. அப்படிப் போயிருக்கும்."

"எண்பத்து மூணு நொடி முனையா?"

"அந்தக் காலத்து ஃபிலிம்" என்றேன்.

அவள் தலையசைத்தாள். காகிதத்தை மடித்தாள். படியில் ஏறும்போது திரும்பி, வேறு ஏதோ ஞாபகம் வந்ததுபோலச் சொன்னாள்.

"ஒவ்வொரு வருஷமும் கல்லறைத் திருநாளுக்கு அம்மா கல்லு மேல எங்களுக்கு முன்னாடி யாரோ ஒரு மெழுகுவத்தி ஏத்தி வச்சிருக்காங்க. சிவப்புக் கண்ணாடிக் கூட்டுல. சித்தி, தபால் ஆபீஸ்காரங்கன்னு சொல்லுவா. அங்க கேட்டேன். அவங்க இல்ல."

நான் பொத்தான்களைப் போட்டுக்கொண்டிருந்தேன். அதற்கு அதிக நேரம் எடுத்துக்கொண்டேன்.

*

நவம்பர் இரண்டு, வியாழன். வழக்கம்போல ஆறு மணிக்கே ஓல்ஷானிக் கல்லறைத் தோட்டத்துக்குப் போனேன். வாசலில் சாமந்திக்காரி அப்போதுதான் வாளிகளை இறக்கிக்கொண்டிருந்தாள்.

"இந்த வருஷமும் மொத ஆளா வந்துட்டீங்களே ஐயா. பொண்டாட்டிக்கா?"

"பொண்டாட்டிக்கு மத்தியானம்."

"அப்ப இது யாருக்கு? விவகாரமா?"

அவள் சிரித்தாள். நான் சிவப்பு மெழுகுவத்தி ஒன்று வாங்கினேன்.

இவோனா கல் ஓரத்தில் உட்கார்ந்திருந்தாள். ராத்திரியே வந்துவிட்டவள் மாதிரி இருந்தாள். தோளில் இரண்டு சால்வை. குடுவையில் ரம் கலந்த தேநீர். என்னையும் என் கையையும் பார்த்தாள். எழவில்லை.

"உக்காருங்க" என்றாள். "ஈரம். இந்தக் காகிதத்தப் போட்டுக்கங்க."

உட்கார்ந்தேன். மூடியில் தேநீர் ஊற்றிக் கொடுத்தாள். ரம் அதிகம்.

"முப்பத்தொரு வருஷம்" என்றாள். "ஒரு கேமராமேனுக்கு இது ரொம்ப அதிகம், யிர்ஸா ஐயா. காதலா?"

"இல்ல."

"அப்ப என்ன?"

மெழுகுவத்தியை ஏற்றினேன். இரண்டு குச்சி அணைந்தது. மூன்றாவது பிடித்தது. சுடரைப் பார்க்காமல் மூடியைப் போட்டேன்.

"யாரும் எதையும் வெட்டல" என்றேன். "நூறு அடி முழுசா இருக்கு. அந்த எண்பத்து மூணு நொடியும் அதுக்குள்ளதான் இருக்கு. தப்பான வேகத்துல ஓட்டறாங்க. நாங்க பதினாறுல எடுத்தோம். அவங்க இருபத்து நாலுல ஓட்டறாங்க."

மூடியிலிருந்த தேநீர் ஆறிக்கொண்டிருந்தது.

"சரியான வேகத்துல ஓட்ட முடியுமா?"

"முடியும். அந்த புரொஜெக்டர்லயே ஒரு குமிழ் இருக்கு."

"இத அன்னிக்கே சொல்லியிருக்கலாம்."

"ஆமா."

"ஏன் சொல்லல?"

கல்லில் ஒரு காக்கை வந்து உட்கார்ந்து, எங்களைப் பார்த்துவிட்டுப் பறந்தது. பதில் என் வாய்வரை வந்து நின்றது. சொல்லியிருந்தால் இந்தக் கதை அங்கேயே முடிந்திருக்கும். நான் எழுந்து, "வாங்க, அந்தப் படம் ஓட்டற பையன் கூட்டத்துக்குக் கதவு தொறக்கறதுக்குள்ள போயிடலாம்" என்று மட்டும் சொன்னேன்.

எனக்கு ஒரு கணக்கு இருந்தது. நான் வாயால் சொன்னால் அது ஒரு கிழவன் சொன்ன சொல். அவளே படித்தால் அது அவள் அம்மா சொன்னது. அம்மா சொல்லட்டும். முப்பத்தொரு வருடம் கழித்தாவது அவள் சொன்னதைக் கேட்க வேண்டியவள் கேட்கட்டும். அதன் பிறகு என்னை என்ன செய்தாலும் சரி. அப்படித்தான் டிராமில் நினைத்துக்கொண்டு போனேன். கோழைத்தனத்துக்கும் இதே கணக்குதான் என்பது இறங்கும்போது தோன்றியது.

*

ஹினெக் தரையைக் கழுவிக்கொண்டிருந்தான். எங்களைப் பார்த்ததும் துடைப்பத்தைச் சாய்த்துவைத்தான். விஷயத்தைச் சொன்னேன். குமிழைக் காட்டினேன். அவன் முகம் சிவந்தது.

"ரெண்டு வருஷமா இந்த மிஷின ஓட்டறேன். இது என்னன்னு யோசிச்சதே இல்ல. சும்மா ஒரு திருகுன்னு நெனச்சேன். கழுத."

"நீங்க சின்ன வயசு" என்றேன்.

"கழுதைக்கு வயசு ஏது பெரியவரே?"

அவன் விளக்கை அணைத்தான். முன் வரிசையில் இவோனா உட்கார்ந்தாள். ஹினெக் அவளுக்குப் பின்னால். குமிழை நானே தள்ளினேன். பிறகு புரொஜெக்டர் பக்கத்திலேயே நின்றேன். திரைக்கு முகம் காட்டாமல், பக்கவாட்டில்.

இசை இல்லை. இயந்திரத்தின் சத்தம் மட்டும், மெதுவாக. அந்தச் சத்தத்தை என் தோள் அடையாளம் கண்டுகொண்டது.

"அம்மா" என்றாள் இவோனா. மூச்சுக் காற்று மாதிரி. "எவ்வளவு அமைதியா இருக்காங்க."

ஹினெக் ஒரு முறை மூக்கை உறிஞ்சினான்.

ஒரு நிமிடம். இரண்டு. நான் எண்ணிக்கொண்டிருந்தேன். முள் எப்போது தொடங்கியது, எப்போது வேகம் பிடித்தது, எல்லாம் திரையைப் பார்க்காமலே எனக்குத் தெரிந்தது.

"கண்ண மூடிட்டாங்க" என்றாள் இவோனா. "முள்ளு நிக்கல. அறிக்கையில சொன்னது சரிதான்." அவள் குரல் தளர்ந்தது. "சரிதான்."

"பொறுங்க" என்றேன்.

மூன்று நிமிடம் பத்து நொடி. அவள் நிமிர்ந்து உட்கார்ந்தது நாற்காலிச் சத்தத்தில் தெரிந்தது. காது கேளாத பிள்ளைகளுக்குச் சொல்வதுபோல ஒவ்வொரு சொல்லாக, தட்டையான குரலில் படித்தாள்.

"அது. நான். இல்ல."

இயந்திரம் ஓடியது.

"இத. சுத்தறது. நான் இல்ல." அவள் நிறுத்தினாள். "ஒத்த... ஒத்தக்கண்ணரே. அப்படித்தான் இருக்கு. ஒத்தக்கண்ணரே, கண்ண எடுங்க." அவள் திரும்பாமல் கேட்டாள். "யாரது, ஒத்தக்கண்ணர்?"

நான் பதில் சொல்வதற்குள் அவளே கையை உயர்த்தித் தடுத்தாள். தாய் இன்னும் பேசிக்கொண்டிருந்தாள்.

"தல. வலிக்குது. தயவுசெஞ்சு." பிறகு, ரொம்ப மெதுவாக, "நாலு மணிக்கு. இவோனாவ. கூட்டிட்டு வரணும்."

ஹினெக் எழுந்து, எங்கே போவது என்று தெரியாமல் மறுபடி உட்கார்ந்தான்.

"அன்னிக்கு நான் பாலர் பள்ளி வாசல்ல உக்காந்திருந்தேன்" என்றாள் இவோனா. யாரிடம் சொன்னாள் என்று தெரியவில்லை. "கோட்டு, குல்லா எல்லாம் போட்டுக்கிட்டு. இருட்டினப்புறம் பக்கத்து வீட்டம்மா வந்தா."

திரையில் த்ராஹோமீரா நெற்றியை மேசையில் வைத்திருப்பாள். இன்னும் முப்பது நொடி. இவோனா பார்த்துக்கொண்டே இருந்தாள். என்னால் அந்த முப்பது நொடியை இன்னொரு முறை பார்க்க முடியாது. அதனால் முகத்தை இன்னும் திருப்பினேன். திருப்பிய பக்கத்தில் பியர் மேடை. மேடை ஓரத்தில் ஊறுகாய் பாட்டில். திரையின் வெளிச்சம் அதன்மேல் விழுந்து விழுந்து எழுந்தது.

முப்பத்தொரு வருடத்தில் முதல் முறையாக ஒரு பொருளை நான் நின்று பார்த்தேன். அசையவில்லை என்று தெரிந்துவிட்டால் போதும். அதற்குத்தான் பார்த்தேன்.

சுருள் தீர்ந்தது. வால் பட்டுப் பட்டென்று அடித்தது. யாரும் அதை நிறுத்தவில்லை. வெள்ளை வெளிச்சம் அறை முழுக்க நின்றது.

"கதவு தொறந்திருக்கா?" என்றான் ஹினெக். அவன் குரல் மாறியிருந்தது. அவனும் மேடைப் பக்கம்தான் பார்த்துக்கொண்டிருந்தான். "இல்ல. நான்தான் பூட்டினேன். காத்து வராது. பாட்டில் வேற மூடியிருக்கு."

இவோனா நாற்காலியில் திரும்பினாள். முதலில் பாட்டிலைப் பார்த்தாள். அப்புறம் என்னைப் பார்த்தாள். என் முகத்தை அல்ல. கண்களை.

"யிர்ஸா ஐயா," என்றாள், "நீங்க இப்ப எதப் பாத்துட்டிருக்கீங்க?"